பணிமூப்பும் நீதிமன்றமும்

தலைநகரிலும், மும்பை, கொல்கத்தா, நாகபுரி முதலிய நகரங்களிலும் குடியேறி வாழும் தமிழ்க் குடும்பங்கள் பலவற்றில் மத்திய சர்க்கார் உத்தியோகம் என்பது தாத்தா காலத்துத் தொடர்பு. அத்தகைய வீடுகளில் நாள்தோறும் புழங்கும் ஆங்கிலச் சொற்களுள் ‘சீனியாரிட்டி’ என்பது ஒன்று. தமிழில் அதனை ‘மூப்பு’ என்றும் ‘பணிமூப்பு’ என்றும் நாம் வழங்குகிறோம். மொழிபெயர்ப்பு அலுவல் பார்ப்போர்க்கு இச்சொல்லில் ஒரு சிறு வேடிக்கை உண்டு. உடலுக்கு மூப்பு வருவதை விரும்புவார் எவரும் இலர். பணியிலோ அது வேண்டும் என்று நீதிமன்றப் படியேறுவோர் பல்லாயிரவர்.

காரணம் எளிது. அலுவலகத்தில் மூப்புப் பட்டியல் சுற்றுக்கு வரும்பொழுது, ஒருவர் முதலில் தம் பெயரைத் தேடுகிறார். அடுத்து, தமக்கு மேல் எத்தனை பெயர்கள் உள்ளன என்று எண்ணுகிறார். மேலே உள்ள பதவி இடங்கள் சிலவே. பத்துப் பெயர் கீழே இறங்கினால், உயர் பதவி ஐந்தாண்டு தள்ளிப்போகலாம். ஓய்வு பெறும் நாள் அதற்குள் வந்துவிடின் என்றுமே கிட்டாமலும் போகலாம். அப்பதவியின் சம்பளம் மட்டுமன்றி, கடைசிச் சம்பளத்தைக் கொண்டு கணக்கிடப்படும் ஓய்வூதியமும் அவ்வரிசை எண்ணிலேயே தொங்குகிறது. ஆகவே, யார் முந்தியவர் என்னும் இக்கேள்வியைச் சில்லறைப் பூசல் என்று ஒதுக்குவதற்கில்லை.

இதன் வேர் கம்பெனி ஆட்சிக் காலம் வரை செல்கிறது. 1793 ஆம் ஆண்டுச் சாசனச் சட்டம், கிழக்கிந்தியக் கம்பெனியின் சிவில் பதவிகளை அந்தந்த மாகாணத்தின் ஒப்பந்த ஊழியர்களைக் கொண்டே நிரப்ப வேண்டும் என்று விதித்தது. ஆண்டுக்கு 500 பவுனுக்கு மேற்பட்ட வருவாயுள்ள பதவியைப் பெற மூன்று ஆண்டுகளேனும் இங்குப் பணியாற்றியிருத்தல் வேண்டும் என்றும் அது கூறிற்று. சிபாரிசுக் கடிதத்துடன் லண்டனிலிருந்து கப்பலேறி வருவோர், ஆண்டுக்கணக்கில் இங்கு உழைத்தவர் தலைக்கு மேல் அமர்வதைத் தடுக்கவே இந்த ஏற்பாடு. மூப்பு என்னும் கொள்கை, சலுகைக்கு எதிரான காவலாகவே நம் நாட்டு நிர்வாகத்தில் நுழைந்தது என்பதை நாம் மறத்தலாகாது. பிற்காலத்தில் அதுவே திறமைக்குத் தடை என்று பலராலும் பழிக்கப்பட்டது வேறு கதை.

ஆயினும் ஆங்கிலேயர் ஆட்சியில் மூப்பு ஒரு வழக்கமாக இருந்ததேயன்றி உரிமையாக இருந்ததில்லை. அரசுப் பணியாளன் மன்னரின் விருப்பம் உள்ளவரை பதவியில் இருப்பவன். இதுவே அக்காலச் சட்டம். சென்னை அரசாங்க அச்சகத்தில் அச்சுப்படி திருத்தும் பணியில் இருந்த ஒருவர், தேர்வு வினாத்தாள் வெளியானது பற்றிய ஐயத்தின்பேரில் வேலைநீக்கம் செய்யப்பட்டார். விதிகளின்படி விசாரணை நடக்கவில்லை என்று அவர் வழக்கிட்டார். வழக்கு லண்டனில் பிரிவிக் கவுன்சில் வரை சென்றது. 1937 ஆம் ஆண்டுச் சட்ட ஏடுகளில் காணப்படும் அத்தீர்ப்பு, பணிவிதிகள் அரசு அளித்த உறுதிமொழிகளே என்றாலும் அவற்றை நிறைவேற்றுமாறு நீதிமன்றத்தில் வழக்கிட இயலாது என்று கூறிற்று. வேலைநீக்கத்துக்கே இந்த நிலை என்றால், பட்டியலில் தம் பெயர் இரண்டு வரி கீழிறங்கிவிட்டது என்று முறையிடுவோரின் கதியை விரித்துரைக்க வேண்டியதில்லை.

1950 ஜனவரி 26 இந்நிலையை மாற்றியது. அரசியலமைப்பின் 14 ஆம் விதி சட்டத்தின்முன் அனைவரும் சமம் என்றது. 16 ஆம் விதி அரசுப் பணியில் சம வாய்ப்பு என்றது. பணிவிதிகளை இயற்றும் அதிகாரத்தை 309 ஆம் விதி அளித்தது. இம்மூன்றையும் சேர்த்துப் படித்த வழக்கறிஞர்களுக்கு ஒரு புதிய வாயில் தெரிந்தது: அரசு தான் இயற்றிய விதியைத் தானே மீறினால் அது சமத்துவத்தை மீறியதாகும். அன்று திறந்த அவ்வாயில் இன்றளவும் மூடப்படவில்லை.

அதே வேளையில், மூப்பைக் கணக்கிடும் முறையே குழம்பிக் கிடந்தது. நாட்டுப் பிரிவினையால் இடம்பெயர்ந்து வந்த அரசு ஊழியர்கள் இங்குள்ள அலுவலகங்களில் சேர்த்துக்கொள்ளப்பட்டார்கள். உடைமையும் ஊரும் இழந்து வந்தவர்களைப் பட்டியலின் கடைசியில் நிறுத்துவது தகாது என்று கருதி, 1949 ஜூன் 22 ஆம் நாள் உள்துறை அமைச்சகம் பணியாற்றிய காலத்தின் நீளத்தையே அளவுகோலாக்கிற்று. பத்தாண்டு கழித்து, 1959 டிசம்பர் 22 ஆம் நாள் வெளியான மற்றொரு குறிப்பாணை, தேர்வின் தகுதி வரிசைக்கும் பதவியில் நிலைப்படுத்தப்படுவதற்கும் முதன்மை தந்தது. இவ்விரு தாள்களுக்கும் இடைப்பட்ட காலத்தில் சேர்ந்தவர்கள் எந்தத் தாளுக்கு உரியவர்கள்? முன்னர்ச் சேர்ந்தோர்க்குப் பழைய அளவுகோலே பொருந்தும் என்று உச்ச நீதிமன்றம் விடை கூறியது 1972 ஆம் ஆண்டில்.

1959 ஆம் ஆண்டுக் குறிப்பாணையில் வேறோர் ஏற்பாடும் இருந்தது. இதனைச் சற்று விளக்கமாகக் காண்போம். ஏனெனில் வழக்குகளில் பெரும்பாலானவற்றுக்குத் தாயகம் இதுவே. ஒரு பதவிக்குப் பாதிப் பேர் போட்டித் தேர்வு வழியாக நேரடியாக வருவார்கள். மறுபாதி கீழ்ப்பதவியிலிருந்து உயர்வு பெறுவார்கள். இது பங்கு. பட்டியலில் நேரடியாக வந்தவர் ஒருவர், உயர்வு பெற்றவர் ஒருவர் என மாறி மாறி எழுதப்படும். இது சுழல். தாளில் பார்க்க அழகான ஏற்பாடுதான்.

பத்து இடங்கள் காலியாயின என்று கொள்வோம். உயர்வு பெறவேண்டிய ஐவரும் அலுவலகத்திலேயே இருப்பவர்கள், உடனே பதவியேற்கிறார்கள். நேரடித் தேர்வு வழியாக ஒருவரே வந்து சேர்கிறார். அவர்க்கு முதலிடம்; உயர்வு பெற்றோர்க்கு 2, 4, 6, 8, 10 ஆகிய இடங்கள். 3, 5, 7, 9 ஆகியவை வெற்றிடங்களாகக் காத்திருக்கும். நான்காண்டு கழித்துத் தேர்வெழுதி வரும் நால்வர் அவ்வெற்றிடங்களில் அமர்வார்கள். அதுவரை ஆறாமவராய் இருந்தவர் ஒரே நாளில் பத்தாமவர் ஆகிறார். தாம் கோப்பு எழுதக் கற்றுக்கொடுத்த இளைஞரே தமக்கு மேலதிகாரியாய் வருவதைக் காண்கிறார். மறுபுறம், நேரடியாக வந்தவர்க்கும் குறை உண்டு. அவர் பங்கைத் தேர்வு நடத்தி நிரப்பாமல், அவ்விடங்களையும் உயர்வு பெற்றோரைக் கொண்டே அரசு நிரப்பியிருக்கும். கடினமான தேர்வில் வென்று வந்தவர், தம் பங்கு பறிபோய்விட்டதைப் பதவியேற்ற பின்னரே அறிவார். இருவர் பக்கமும் நியாயம் இருப்பதே இவ்வழக்குகளின் துன்பம்.

வருமான வரித் துறை வழக்கை இதற்கு எடுத்துக்காட்டாகக் கூறலாம். முதல் வகுப்பு வருமான வரி அதிகாரி பதவியில் மூன்றில் இரண்டு பங்கு நேரடித் தேர்வுக்கும், மூன்றில் ஒரு பங்கு இரண்டாம் வகுப்பு அதிகாரிகளின் உயர்வுக்கும் என 1951 அக்டோபரில் அரசு வகுத்தது. உயர்வு பெற்றோரின் அனுபவத்தை மதித்து, அவர்கள் தேர்ந்தெடுக்கப்பட்ட ஆண்டிலும் அதற்கு முந்திய மூன்றாண்டுகளிலும் தேர்வெழுதி வந்தோர்க்கு மூத்தவராய்க் கருதப்படுவர் என்று 1952 ஆம் ஆண்டு விதியொன்று சலுகையும் தந்தது. வரி வசூல் பெருகப் பெருக அதிகாரிகள் தேவைப்பட்டார்கள். வகுத்த பங்கைக் கடந்து உயர்வுகள் வழங்கப்பட்டன. நேரடியாக வந்த ஓர் அதிகாரி பஞ்சாப் உயர் நீதிமன்றத்தை அணுகினார். அவ்வழக்கு உச்ச நீதிமன்றத்தில் முடிவுற்றது 1967 பிப்ரவரியில்.

மூன்றாண்டுச் சலுகை செல்லும். ஆனால் பங்கைக் கடந்து உயர்வு பெற்றோர் அக்கூடுதல் இடங்களால் மூப்புக் கோர இயலாது. பட்டியலைத் திருத்துக என்பது தீர்ப்பு. ‘ஜெய்சிங்கானி வழக்கு’ என்று சட்ட மாணவர் அனைவரும் அறிந்த தீர்ப்பு அது. வரம்பற்ற அதிகாரம் எங்கும் இருத்தலாகாது என்பதே சட்ட ஆட்சியின் முதற்கூறு என்னும் கருத்தை அதில் காண்கிறோம். இனியேனும் சுழல் பட்டியல் ஒன்றை ஒழுங்காக வைத்துக்கொள்ளுமாறு அரசுக்கு நீதிமன்றம் யோசனையும் கூறிற்று. பல்லாயிரம் பேரிடம் கணக்கு ஒழுங்காக உள்ளதா என்று கேட்கும் துறை, தன் அதிகாரிகளின் கணக்கை ஒழுங்காக வைத்திராமையை என்னென்பது!

வழக்கு அத்துடன் முடிந்ததா என்றால், இல்லை. தீர்ப்பின்படி 1968 இல் புதிய பட்டியல் தயாராயிற்று. இம்முறை உயர்வு பெற்றோர் வழக்கிட்டனர். 1951 ஆம் ஆண்டுப் பங்கு முதலில் ஐந்தாண்டுகளுக்கென்றே வகுக்கப்பட்டது. 1959 இல் இரண்டாம் வகுப்புப் பதவிகள் பல முதல் வகுப்பாக உயர்த்தப்பட்டபொழுது அது முற்றும் சரிந்துவிட்டது என்று 1972 இல் உச்ச நீதிமன்றம் கண்டது. ஆகவே புதிய விதி வேண்டும். 1973 இல் அரசு, 1959 ஜனவரி முதலே செல்லுபடியாகும்படி ஒன்றுக்கு ஒன்று என்ற சுழலை விதித்தது. அதன்மேல் எழுந்த வழக்கில் 1974 இல் தீர்ப்பு. அதையும் மறுபடி கிளறிய வழக்கில் 1980 இல் தீர்ப்பு. பணியாளர்களுக்குள் நிகழும் இத்தகைய வழக்குகளுக்கு எங்கேனும் ஒரு முடிவு இருத்தல் வேண்டும் என்று அப்பொழுது நீதிமன்றமே சலித்துக் கூறும் நிலை வந்தது. 1951 இல் இருபத்து நான்கு வயதில் பணியேற்ற ஒருவர்க்கு 1980 இல் வயது ஐம்பத்து மூன்று. அரசுப் பணியில் ஓய்வு வயது 1962 இல் தான் 55 இலிருந்து 58 ஆக உயர்த்தப்பட்டிருந்தது. அவ்வுயர்வு இல்லாவிடின், தம் இடம் எது என்று அறிந்த பின்னர் அவர்க்கு எஞ்சியிருக்கும் பணிக்காலம் இரண்டே ஆண்டு.

மூப்பு இருந்தால் மட்டும் உயர்வு வந்துவிடுமா என்பது வேறு கேள்வி. உயர்நிலைப் பதவிகள் தேர்ந்தெடுத்து நிரப்பப்படுபவை. மூத்தவர் என்பதாலேயே ஒருவர் அவற்றைக் கோர முடியாது. தகுதியுள்ளோர் வரிசையில் தம்மையும் கருதிப் பார்க்கும்படி கேட்கும் உரிமையே அவர்க்கு உண்டு. இராஜஸ்தான் காவல் அதிகாரி ஒருவர் வழக்கில் 1967 ஆகஸ்டில் இது நிலைநாட்டப்பட்டது. இரயில்வேயில் கார்டுகள் உயர்நிலை நிலைய அதிகாரிகளாக உயர்வதை எதிர்த்துச் சிறு நிலைய மாஸ்டர்கள் தொடுத்த வழக்கும் தோற்றது. வெவ்வேறு வகுப்பினர்க்கிடையே சமத்துவம் கோர முடியாது என்பது பெரும்பான்மை நீதிபதிகளின் முடிவு.

1956 நவம்பர் முதல் நாள் மாநிலங்கள் மொழிவாரியாகத் திருத்தியமைக்கப்பட்டபொழுது எழுந்த குழப்பமும் இவ்வரலாற்றில் ஓர் அத்தியாயம். சென்னை மாநிலத்தின் தென்கன்னட மாவட்டம் மைசூரோடு சேர்ந்தது. மலபார் கேரளத்தோடு சேர்ந்தது. கன்னியாகுமரி சென்னையோடு சேர்ந்தது. நிலத்துடன் அங்கிருந்த குமாஸ்தாக்களும் தாசில்தார்களும் அரசு மாறினார்கள். ஓரிடத்து மேல்நிலை எழுத்தர் மற்றோரிடத்தில் எந்தப் பதவிக்கு ஒப்பானவர்? பணியின் தன்மை, பொறுப்பும் அதிகாரமும், குறைந்தபட்சக் கல்வித் தகுதி, சம்பளம் ஆகிய நான்கையும் வைத்து ஒப்பிட வேண்டும் என்று தலைமைச் செயலாளர்கள் கூடி முடிவு செய்தார்கள். பணியாளர்க்குப் பாதகமாக நிபந்தனைகளை மாற்ற மத்திய அரசின் முன்னனுமதி தேவை என்று மாநிலச் சீரமைப்புச் சட்டத்தின் 115 ஆம் பிரிவு காப்பும் தந்தது. அக்காப்பு எவ்வளவு மெல்லியது என்பது தென்கன்னட எழுத்தர் ஒருவர் வழக்கில் தெரிந்தது. 1957 இல் மத்திய அரசு பொதுவாக அனுப்பிய ஒரு கடிதமே போதுமான முன்னனுமதி என்று 1964 இல் உச்ச நீதிமன்றம் கருதிற்று.

‘நிலைப்படுத்தல்’ என்னும் சடங்கைப் பற்றியும் கூற வேண்டும். ஒருவர் பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் வேலை பார்த்தாலும் நிரந்தரமானவர் என்ற உத்தரவு வராமல் இருக்கலாம். பின்னர் வந்தவர்க்கு அது முன்னரே வரலாம். அந்த உத்தரவை வைத்து மூப்பை முடிவு செய்வது தகாது என்று 1977 இல் பம்பாய்ப் பொறியாளர்கள் வழக்கில் நீதிபதி சந்திரசூட் எழுதிய கடுஞ்சொற்கள் அலுவலகங்களில் நெடுநாள் பேசப்பட்டன. 1983 இல் இராணுவப் பொறியியல் பணியினர் வழக்கிலோ நீதிபதி தேசாய், உயர்வு பெற்றவர் அப்பதவியில் உழைத்துக்கொண்டிருந்த காலத்தில் பள்ளியிலோ கல்லூரியிலோ படித்துக்கொண்டிருந்த பிள்ளை, பின்னர் வந்து அவருக்கு மூத்தவராவது எங்ஙனம் என்று வியந்தார். மறு ஆண்டில் டில்லி உயர்நிலை நீதித்துறைப் பணியினரே, அதாவது பிறர் வழக்கைத் தீர்க்கும் நீதிபதிகளே, தமக்குள் யார் மூத்தவர் என்று உச்ச நீதிமன்றம் வந்து நின்றார்கள். 1990 மே 2 ஆம் நாள் மகாராஷ்டிரப் பொறியாளர்கள் வழக்கில் அரசியலமைப்பு அமர்வு இவற்றையெல்லாம் தொகுத்தது: விதிப்படி நியமனம் பெற்றவரின் மூப்பு நியமன நாளிலிருந்து எண்ணப்படும், நிலைப்படுத்தப்பட்ட நாளிலிருந்து அன்று, விதிக்குப் புறம்பான தற்காலிக நியமனம் கணக்கில் வாராது, நெடுங்காலம் நிலைபெற்ற பட்டியலைக் கலைத்தலாகாது. மத்திய அரசு தன் குறிப்பாணையிலிருந்து நிலைப்படுத்தலை நீக்கியது 1992 நவம்பரில். வெற்றிடங்களைக் காத்துவைக்கும் பழைய வழக்கம் 1986 ஆம் ஆண்டிலேயே கைவிடப்பட்டிருந்தது.

இட ஒதுக்கீட்டுக்கும் மூப்புக்கும் உள்ள உறவு தனிப் பேச்சுக்கு உரியது; அதன் தொடக்கம் நம் சென்னையில் என்பதால் சுருக்கமாகவேனும் சொல்லாமல் விடுவதற்கில்லை. தாழ்த்தப்பட்டோர்க்கும் பழங்குடியினர்க்கும் மூன்றாம் வகுப்புத் தேர்வுநிலைப் பதவிகளில் இடம் ஒதுக்கி 1959 இல் இரயில்வே வாரியம் சுற்றறிக்கை விடுத்தது. தென்னக இரயில்வே ஊழியர் ஒருவர் சென்னை உயர் நீதிமன்றத்தில் எதிர்த்து வென்றார். உச்ச நீதிமன்றம் 1961 ஏப்ரலில், மூவர்க்கு இருவர் என்ற பெரும்பான்மையில், ஒதுக்கீடு பதவி உயர்வுக்கும் பொருந்தும் என்று அத்தீர்ப்பை மாற்றியது. அக்கருத்து 1992 நவம்பரில் மண்டல் வழக்கில் கைவிடப்பட்டது. 1995 இல் 77 ஆம் திருத்தம் அதனை மீட்டது. ஒதுக்கீட்டால் முன்னர் உயர்ந்தவரைப் பின்னர் உயரும் பொதுப்பிரிவினர் எட்டிப் பிடிக்கலாம் என்று அதே ஆண்டு இரயில்வே கார்டுகள் வழக்கில் தீர்ப்பு வந்தது. முன்னர் உயர்ந்தவர்க்கே மூப்பும் சேரும் என்று 2001 இல் 85 ஆம் திருத்தம் கூறிற்று. தலைமுறைகளாக வாயிலிலேயே நிறுத்தப்பட்டவர்க்கு வாயில் திறந்தால் போதுமா, மேல்மாடிக்கும் வழி வேண்டுமா என்பதே அவ்விவாதத்தின் உயிர்நிலை. நாடாளுமன்றம் விடை கூறியது. 2006 இலும் 2018 இலும் நீதிமன்றம் அவ்விடைக்கு நிபந்தனைகளை வகுத்தது.

வழக்குகளின் பெருக்கத்தைக் கண்டே, 1976 ஆம் ஆண்டுத் திருத்தத்தின் வழியில் 1985 இல் தனிச் சட்டம் இயற்றப்பட்டு, அவ்வாண்டு நவம்பரில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் தோன்றியது. சென்னையும் அதன் தொடக்ககால அமர்வுகளுள் ஒன்று. உயர் நீதிமன்றத்தை ஒழித்துவிட்டு நேரே உச்ச நீதிமன்றம் செல்லும் குறுக்குவழியாக அது எண்ணப்பட்டது. 1997 மார்ச்சில் வந்த தீர்ப்போ, உயர் நீதிமன்றத்தின் அதிகாரத்தைப் பறிக்க இயலாது என்றது. ஆகவே முன்னர் இருந்த இரண்டு படிகள் மூன்றாயின.

அண்மைக் காலத்திலும் வருமான வரித் துறையே முன்னணியில் நிற்கிறது. அத்துறையின் ஆய்வாளர்கள் வழக்கில் 2012 நவம்பரில் உச்ச நீதிமன்றம், நேரடித் தேர்வுக்கான நடவடிக்கை காலியிடம் தோன்றிய ஆண்டிலேயே தொடங்கிவிட்டால், தேர்வானவர் பின்னர் வந்து சேர்ந்தாலும் அந்த ஆண்டின் மூப்பையே பெறுவார் என்றது. 2019 நவம்பர் 19 ஆம் நாள் மணிப்பூர் காவல் அதிகாரிகள் வழக்கில் அக்கொள்கை தவறென்று கூறப்பட்டது. அங்கே உயர்வு பெற்றோர் பதவியேற்றது 2007 மார்ச்சில். நேரடியாக வந்தோர் அதே ஆண்டு ஆகஸ்டிலும் நவம்பரிலும். சில மாத இடைவெளியில் எழுந்த வினாவுக்கு விடை காணப் பன்னிரண்டு ஆண்டுகள் சென்றன. பணியில் சேராத நாளுக்கு மூப்பு இல்லை என்று அத்தீர்ப்பு உரைத்தது. ஆனால் 2012 ஆம் ஆண்டுத் தீர்ப்பின்படி முன்னரே முடிவான பட்டியல்களைக் கலைக்கவில்லை. இதற்கேற்ப மத்திய அரசு 2021 ஆகஸ்டில் தன் குறிப்பாணையைத் திருத்திற்று. ஆதலின் ஒரே துறையில், அடுத்தடுத்த மேசைகளில் அமர்ந்து ஒரே வகைக் கோப்புகளைப் பார்க்கும் இருவருள், ஒருவரின் மூப்பு காலியிடம் தோன்றிய ஆண்டிலிருந்தும், மற்றவரின் மூப்பு பணியில் சேர்ந்த நாளிலிருந்தும் எண்ணப்பட்டு வரக் காணலாம்.